பல்லக்கா கேட்கத் தவறிய வெளிச்சம்

தெருவில் எல்லோரும் அவரைப் பல்லக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். பல் கட்டுகிற அக்கா என்பது நாளடைவில் சுருங்கி அப்படி ஆகிவிட்டது. புதிதாகக் கேட்பவர்கள் பல்லக்கு என்று நினைத்துக்கொண்டு, "அதுல யாரை ஏத்திட்டுப் போவீங்க" என்று சீண்டினால், "உங்க சிரிப்பைத்தான்" என்று பட்டென்று பதில் வரும்.

மாடி அறைதான் அவருடைய பட்டறை. பல் மருத்துவர்கள் நோயாளியின் வாயில் எடுத்த அச்சை அவருக்கு அனுப்பிவைப்பார்கள். அவர் அதில் கல்மாவைக் கரைத்து ஊற்றி, தாடையைக் கல்லாக வார்த்தெடுப்பார். மெழுகில் பல்லைச் செதுக்கி அளவு பார்ப்பார். பிறகு பீங்கான் தூளைக் குழைத்து, மெல்லிய தூரிகையால் ஒன்றன்மேல் ஒன்றாகப் பூசி, சின்ன உலையில் வைத்துச் சுட்டெடுப்பார். கடைவாய்ப் பல் என்றால் வேலை அதோடு முடிந்தது. முன்பல் என்றால் மட்டும் ஆளையே நேரில் வரச் சொல்லிவிடுவார்.

வந்தவரை சன்னலோரம் நாற்காலியில் உட்காரவைத்து, சாவிக்கொத்துபோல ஒரு வளையத்தில் கோத்த மாதிரிப் பற்களை அவர் உதட்டருகே ஒவ்வொன்றாகப் பிடித்துப் பார்ப்பார். "பல்லு வெள்ளைன்னு நினைக்கிறோம். ஈறு பக்கம் தேன் நிறம், நுனியில லேசா நீலம். ஒரே வாய்க்குள்ள ரெண்டு பல்லு ஒரே மாதிரி இருக்காது" என்று சொல்லிக்கொண்டே, சுவரில் தொங்கும் சாம்பல் நிறத் துணியை ஒருமுறை பார்த்துக் கண்ணைத் தேற்றிக்கொண்டு மறுபடி திரும்புவார்.

அந்தச் சன்னல் பக்கத்துக் காலி மனையைப் பார்த்தபடி இருந்தது. வெயில் ஒருபோதும் நேராக உள்ளே வராது. திறந்த வானத்திலிருந்து காலை முதல் மாலை வரை ஒரே சீராக, சத்தமில்லாமல் வெளிச்சம் மட்டும் வந்துகொண்டிருக்கும். பல்லக்கா அதைப் பற்றி யோசித்ததே இல்லை. மூச்சு விடுகிறவர் காற்றைப் பற்றி யோசிக்கிறாரா என்ன.

காலி மனைக்குச் சொந்தக்காரர் ஒரு லாரிக்காரர். தன் லாரியை அங்கேதான் நிறுத்துவார். பெரிய குரல், பெரிய கை, அதற்கேற்ற பெரிய மனசு. பல்லக்காவின் கணவர் தையல் மெஷின் பழுது பார்ப்பவர். ஒரு மதியம் மாடிப்படியில் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே சாய்ந்துவிட்டார். பல்லக்கா போட்ட சத்தத்தில் ஓடிவந்த லாரிக்காரர், அவரைக் குழந்தையைப்போல் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டு இறங்கினார். பாதி இறக்கிய மணலோடு லாரியைக் கிளப்பினார். ஹாரனில் வைத்த கையை ஆஸ்பத்திரி வாசலில்தான் எடுத்தார். "இன்னும் கொஞ்சம் லேட்டா வந்திருந்தா ஒண்ணும் பண்ணியிருக்க முடியாது" என்றார் டாக்டர்.

அந்த லாரிக்காரர்தான் ஒருநாள் வரைபடத்தைச் சுருட்டிக்கொண்டு பட்டறைக்கு வந்தார். மேசை மேலிருந்த கல் தாடைகளை ஓரமாக நகர்த்திவிட்டு விரித்தார்.

"தங்கச்சி, பாரு. கீழ ஷெட்டு, மேல ஒண்ணுமேல ஒண்ணா ரெண்டு வீடு. வசதி வந்தா அதுக்கு மேலயும் ஒண்ணு. உன் கண்ணுல காட்டிட்டுத்தான் ஆரம்பிக்கணும்னு இருந்தேன்."

பல்லக்கா பார்த்தார். தன் சன்னல் இருக்கும் பக்கமாக ஒரு நீளக் கோடு ஓடியது. அது சுவர் என்று புரிந்ததும் வெளிச்சம் மறையுமே என்ற பேச்சு வாய் வரைக்கும் வந்துவிட்டது. நிமிர்ந்து அந்த மனிதரின் முகத்தைப் பார்த்தார். கணவரைத் தூக்கிக்கொண்டு ஓடிய தோள் கண் முன்னால் இருந்தது.

"நல்லா இருக்குண்ணே" என்றார்.

அஸ்திவாரம் தோண்டினார்கள். கொத்தனார்கள் தாகமென்றால் பல்லக்கா வீட்டுப் பானையில்தான் மொண்டு குடித்தார்கள். முதல் தளம் போட்ட சமயம் லாரிக்காரரின் மோட்டார் பழுதாகிவிட, புதுத் தளத்துக்குத் தண்ணீர் விடப் பல்லக்கா தன் மொட்டை மாடிக் குழாயையே நீட்டிக் கொடுத்தார். சுவர் எழும்ப எழும்ப அறைக்குள் இருந்த வெளிச்சம் மேசையின் விளிம்பிலிருந்து பின்வாங்கியது. பல்லக்கா நாற்காலியை நகர்த்திப் போட்டார். இன்னும் எழும்பியது. மேசையையே நகர்த்தினார். இரண்டாவது வீடும் எழும்பி முடிந்தபோது அறை கிணற்றுக்குள் இருப்பதுபோல் ஆகிவிட்டது. அண்ணாந்து பார்த்தால் சுவருக்கு மேலே ஒரு கீற்று வானம் தெரிந்தது, அவ்வளவுதான்.

"போய் ஒரு வார்த்தை சொல்லேன்" என்றார் கணவர்.

"அவர் அன்னைக்குத் தூக்கிட்டு ஓடலேன்னா இந்த யோசனை சொல்ல நீங்க இருந்திருப்பீங்களா?"

அவர் ஸ்க்ரூடிரைவரை எடுத்துக்கொண்டு கீழே இறங்கினார்.

பல்லக்கா விளக்குகள் வாங்கினார். பகல் வெளிச்சம் மாதிரியே இருக்கும் என்று அட்டைப் பெட்டியில் எழுதியிருந்ததை நம்பி வாங்கினார். வருடங்கள் போயின. புதுக் கட்டடத்தில் குடிவந்தார்கள், போனார்கள், வேறு ஆட்கள் வந்தார்கள். பல்லக்கா சமாளித்துக்கொண்டே இருந்தார். ஒரு பள்ளி ஆசிரியைக்குக் கட்டிக்கொடுத்த முன்பல் விளக்கடியில் கச்சிதமாகப் பொருந்தியது. பள்ளி மைதானத்தில் அது சாம்பல் பூத்துத் தனியாக நின்றிருக்கிறது. ஆசிரியை திரும்பி வந்து, "பரவாயில்லக்கா, யாரும் அவ்வளவா கவனிக்கல" என்றார். அதைச் சொல்லும்போதே கை தானாகப் போய் வாயை மூடிக்கொண்டது. பல்லக்காவுக்குத் தலையில் அடித்ததுபோல் இருந்தது. மொட்டை மாடியில் வெள்ளை வேட்டியைக் கட்டி அதன் நிழலில் ஆசிரியையை உட்காரவைத்து, பல்லைப் புதிதாகச் செய்துகொடுத்த பிறகுதான் அவருக்குச் சோறு இறங்கியது.

அதே மாடியில் நிற்கும்போதுதான் எதிரே பார்த்தார். இரண்டாவது வீட்டின் கூரைமேல் கம்பிகள் முளைத்திருந்தன. மூன்றாவது மாடிக்கான கம்பிகள். மீதமிருந்த அந்தக் கீற்று வானமும் போகப்போகிறது.

மறுநாள் காலையில் வக்கீலம்மாவின் அறையில் இருந்தார். வக்கீலம்மா படபடவென்று பேசுகிறவர், ஆனால் கேட்கும்போது இமைக்காமல் கேட்பார். முழுக்கதையையும் கேட்டுவிட்டு அவர் முதலில் கேட்ட கேள்வி பல்லக்காவுக்கு விசித்திரமாகப் பட்டது.

"அந்தச் சன்னல் எவ்வளவு காலமா இருக்கு?"

"எங்க மாமனார் கட்டின வீடும்மா. அவர் வச்ச சன்னல்தான்."

"அவ்வளவு காலமும் வெளிச்சம் தடையில்லாம வந்துச்சா? யார்கிட்டயாவது அனுமதி கேட்டீங்களா?"

"வெளிச்சம் வர்றதுக்கு யார்கிட்டம்மா அனுமதி கேக்கறது?"

"அப்படின்னா அந்த வெளிச்சம் உங்களோடது" என்றார் வக்கீலம்மா. "ரொம்ப காலம் ஒருத்தரும் தடுக்காம, நீங்களும் யாரையும் கெஞ்சாம, பக்கத்து மனை மேலா உங்க சன்னலுக்கு வெளிச்சம் வந்துட்டே இருந்தா, அது உரிமையா மாறிடும். பத்திரத்துல ஒரு எழுத்து இருக்க வேண்டாம். வீட்டோட சுவர், கதவு மாதிரி அதுவும் வீட்டோட சேர்ந்தது."

மாமனார் காலத்திலிருந்து ஒரு துண்டு வானம் தங்கள் வீட்டுக்குச் சொந்தமாக இருந்திருக்கிறது. அதன் கீழே உட்கார்ந்து இத்தனை காலம் பல் கட்டியிருக்கிறார், ஒருநாள்கூட அதைத் தெரிந்துகொள்ளாமல். பல்லக்கா, வக்கீலம்மாவின் அறைச் சன்னல் வழியாக வந்துகொண்டிருந்த வெளிச்சத்தைப் பார்த்தார். அது யாருடையதோ என்று தோன்றியது.

"இப்ப சொல்லுங்க, ரெண்டாவது மாடி எழும்பி எவ்வளவு காலமாச்சு?"

சொன்னார். வக்கீலம்மா கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார்.

"மறைச்சதுக்கு அப்புறம் கேக்கறதுக்குன்னு ஒரு கெடு இருக்கும்மா. அது ரொம்ப சின்னக் கெடு. நீங்க தூங்கினாலும் அது தூங்காது. உங்களுக்கு அந்த உரிமை வந்ததும் தெரியல, போனதும் தெரியல."

"எங்கம்மா போச்சு? நான் யாருக்கும் எழுதிக் குடுக்கலையே."

"எழுதிக் குடுக்க வேண்டாம். சும்மா இருந்தாப் போதும்."

பல்லக்காவுக்குக் கோபம் வந்தது. "நியாயம்னா நியாயம்தானேம்மா. இன்னைக்குக் கேட்டா என்ன, அன்னைக்குக் கேட்டா என்ன?"

"அந்தப் பக்கம் போய் நின்னு பாருங்க. நீங்க ஒண்ணும் சொல்லலேங்கற தைரியத்துலதானே அவர் முதல் மாடிக்கு மேல ரெண்டாவது கட்டினார். குடி வச்சார். இப்ப போய் இடின்னா, இடிபடறது அவர் சுவர் மட்டுமில்ல." பிறகு அவர் குரலை இறக்கிச் சொன்னார். "ஆனா மூணாவது மாடி இன்னும் எழும்பல பாருங்க. அதுக்கு நீங்க நேரத்தோட வந்திருக்கீங்க. எழும்பினதை எடுக்கணும், எழும்பப் போறதை நிறுத்தணும். ரெண்டையும் கேப்போம். முதல்ல சொன்னது கிடைக்கறது கஷ்டம்னு இப்பவே சொல்லிடறேன்."

வழக்கு நடந்தது. நோட்டீஸ் போன நாளிலிருந்து லாரிக்காரர் இந்தப் பக்கம் தலை திருப்பவில்லை. தெருவில் எதிரே வந்தால் செருப்பைப் பார்த்துக்கொண்டு போவார். அது பல்லக்காவை இருட்டைவிட அதிகமாக வாட்டியது.

பல்லக்காவைக் கூண்டில் ஏற்றி விசாரித்த அன்று எதிர்த்தரப்பு வக்கீல் அதட்டவே இல்லை. ரொம்பவும் மரியாதையாகத்தான் கேட்டார்.

"வரைபடத்தை உங்ககிட்டக் காட்டினாராம்மா?"

"காட்டினார்."

"என்ன சொன்னீங்க?"

"நல்லா இருக்குன்னு சொன்னேன்."

"சுவர் எழும்பறதைப் பாத்தீங்களா?"

"என் சன்னலுக்கு நேரா எழும்பினதை எப்படிங்க பாக்காம இருப்பேன்?"

"தளத்துக்குத் தண்ணி எங்கேருந்து விட்டாங்க?"

பல்லக்கா வக்கீலம்மாவைத் திரும்பிப் பார்த்தார். வக்கீலம்மா தன் பேனாவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எங்க மாடிக் குழாயிலருந்துங்க."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. அவர் நரைத்த தலையும் மெதுவான பேச்சுமாக இருந்த பெண்மணி. எழுதுவதை நிறுத்திவிட்டுப் பல்லக்காவை நேராகப் பார்த்தார்.

"ஏம்மா அப்ப ஒண்ணும் சொல்லல?"

வக்கீலம்மா சொல்லிக்கொடுத்த பதில்கள் எல்லாம் மறந்துபோயின. "எங்க வீட்டுக்காரரைத் தோள்ல போட்டுத் தூக்கிட்டு ஓடினவருங்க அவர். அவர்கிட்டப் போய் எப்படிங்க..."

லாரிக்காரர் எழுந்து வெளியே போய்விட்டார்.

இடத்தை நேரில் பார்க்க நீதிபதியே வந்தார். மாடி அறையில் விளக்குகளை அணைக்கச் சொன்னார். சன்னலருகே போய் அண்ணாந்து, அந்தக் கீற்று வானத்தைப் பார்த்தார். பிறகு, "அந்தப் பக்கமும் பாக்கணும்" என்றார்.

எல்லோரும் இறங்கி, சுற்றிக்கொண்டு, பக்கத்துக் கட்டடத்தின் படிகளில் ஏறினார்கள். அந்தப் படியில் பல்லக்கா கால் வைத்தது அதுதான் முதல் தடவை. இரண்டாவது வீட்டின் கதவு திறந்தது. உள்ளே தரையெல்லாம் வெளிச்சம். அந்த வெளிச்சத்தின் நடுவில் ஒரு இளம் அப்பா சப்பணமிட்டு உட்கார்ந்து, மடியில் மகளை வைத்துக்கொண்டு அவள் விரல் நகங்களை வெட்டிக்கொண்டிருந்தார். கூட்டத்தைப் பார்த்து அவர் எழப்போக, "இருங்க, அவசரமில்ல, கையில பட்டுடப் போகுது" என்றார் நீதிபதி. அவரும் மிச்சமிருந்த சுண்டுவிரலை வெட்டி முடித்துவிட்டுத்தான் எழுந்தார்.

பல்லக்கா வாசற்படியிலேயே நின்றுவிட்டார். கொடியில் சின்னச் சின்னச் சட்டைகள். அடுப்பில் ஏதோ கொதிக்கிற வாசனை. தன்னுடையது என்று வழக்குப் போட்ட வெளிச்சம் இங்கே வந்து விழுந்து, இவர்கள் வீட்டுத் தரையாகவும் பகலாகவும் மாறியிருக்கிறது. தான் வாயை மூடிக்கொண்டு நாற்காலியை நகர்த்திப் போட்ட ஒவ்வொரு நாளும் இந்தப் பக்கம் ஒரு செங்கல்லாக ஏறியிருக்கிறது. ஒன்றும் செய்யாமல் இருந்ததாக அல்லவா நினைத்திருந்தார். ஒன்றும் செய்யாமல் இருந்து இவ்வளவு பெரிய வீட்டைக் கட்டியிருக்கிறார். அந்த எண்ணம் தந்தது பயமா, மலைப்பா என்று அவரால் பிரித்துச் சொல்ல முடியவில்லை.

இறங்கும்போது படி திருப்பத்தில் லாரிக்காரர் நின்றிருந்தார். இவ்வளவு நாளுக்கு அப்புறம் முதல் தடவையாகப் பேசினார்.

"இந்தப் படிக்கட்டை அந்தக் கடைசியில வச்சாலும் எனக்கு ஒண்ணுதான் தங்கச்சி. அன்னைக்கே சொல்லியிருந்தா உன் சன்னல் பக்கம் திறந்தே விட்டிருப்பேன். ஒரு வார்த்தை. பென்சில் கோட்டை அழிச்சு மாத்தற வேலை."

ஒரு அழிப்பானில் முடிந்திருக்க வேண்டியதை நீதிமன்றம் முழுக்கச் சேர்ந்தாலும் முடிக்க முடியாத இடத்துக்கு வந்திருக்கிறார்கள். இருவருமே கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார்கள்.

தீர்ப்பு நாளில் நீதிபதி நிதானமாகப் படித்தார். சட்டச் சொற்கள் பல்லக்காவுக்குப் பாதிதான் புரிந்தன. ஆனால் ஓரிடத்தில் நீதிபதி தாளிலிருந்து நிமிர்ந்து இருவரையும் பார்த்துச் சாதாரணமாகவே பேசினார்.

"இந்த அம்மாவுக்கு வெளிச்சத்துல உரிமை எப்படி வந்துச்சு? பக்கத்து மனைக்காரங்க ரொம்ப காலம் ஒண்ணும் சொல்லாம இருந்ததால வந்துச்சு. அது எப்படிப் போச்சு? இவங்க ஒண்ணும் சொல்லாம இருந்ததால போச்சு. அவங்க மௌனத்தை மதிச்ச சட்டம் இவங்க மௌனத்தையும் மதிச்சுத்தான் ஆகணும். இவங்க சும்மா இருந்ததுக்குக் காரணம் நன்றி. அது எனக்குப் புரியுது. ஆனா காலம் காரணம் கேட்டு நிக்கறதில்ல."

எழும்பிய சுவரைத் தொட முடியாது என்றார். ஆனால் அதற்கு மேலே இன்னும் வந்துகொண்டிருக்கிற வெளிச்சத்தில் இந்த அம்மாவின் உரிமை அப்படியே இருக்கிறது, அதற்காக முதல் செங்கல் வைக்கும் முன்பே வந்து கேட்டிருக்கிறார், எனவே மூன்றாவது மாடி எழும்பக் கூடாது என்றார்.

வெளியே வந்ததும் வக்கீலம்மா, "பாதி ஜெயிச்சுட்டோம், சிரிங்கம்மா, நீங்களே பல்லுக்காரங்க" என்றார். பல்லக்கா சிரிக்காமல் படியில் நின்று தெருவைப் பார்த்துக்கொண்டிருந்தார். பேருந்துக்குக் காத்திருப்பவர்கள், பைக்கில் போகிறவர்கள், கடை வாசலில் பேசிக்கொண்டிருப்பவர்கள்.

"ஏம்மா, இவங்கள்ல எத்தனை பேருக்கு இப்படி எதாவது ஒரு கெடு ஓடிட்டிருக்கும்?"

"முக்கால்வாசிப் பேருக்கு" என்றார் வக்கீலம்மா.

"யாருக்கும் சத்தம் கேக்கலையே."

"அதுதான் அதோட குணம்" என்று சொல்லிவிட்டு அவர் அடுத்த வழக்குக்கு ஓடினார். பல்லக்கா வெகுநேரம் அங்கேயே நின்றார். கண்ணுக்குத் தெரியாத இவ்வளவு பெரிய ஒன்றுக்கு நடுவில்தான் எல்லோரும் காய்கறி வாங்கிக்கொண்டும் குழந்தையைப் பள்ளிக்கு விட்டுக்கொண்டும் இருக்கிறார்கள் என்பது அவருக்கு நம்ப முடியாததாக இருந்தது.

அதற்கப்புறம் பட்டறையின் வழக்கம் மாறியது. முன்பல் பார்க்க வேண்டியவர்களை உச்சிப் பொழுதில் மட்டும் வரச் சொன்னார். அப்போதுதான் அந்தக் கீற்று வானம் அறைக்குள் போதுமான அளவு இறங்கும். சன்னலுக்குக் கீழே தாழ்வாக ஒரு நாற்காலி, சற்று அண்ணாந்தால் பல் மேல் வெளிச்சம் சரியாக விழும். மேகம் மறைத்த நாட்களில் ஆட்களைத் திருப்பி அனுப்பினார். மற்ற வேலைகளை விளக்கடியில் செய்துகொண்டார். கையளவு வெளிச்சம்தான், ஆனால் அது தன்னுடையது என்று தெரிந்து அதன் கீழே வேலை செய்வது வேறு மாதிரியாக இருந்தது. சில நாள் மாதிரிப் பல்லைக் கையில் பிடித்தபடி, பார்க்க வேண்டிய வாயை மறந்து அந்த வெளிச்சத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். நாற்காலியில் வாயைப் பிளந்து உட்கார்ந்திருப்பவர் கனைத்தால்தான் நினைவு வரும்.

லாரிக்காரர் மூன்றாவது மாடிக்கான கம்பிகளை அறுத்தெடுத்தார். அதற்கப்புறமும் பேச்சில்லை. கணவர் மட்டும் தெருமுனையில் அவரைப் பார்த்தால் நின்று இரண்டு வார்த்தை பேசிவிட்டு வருவார். என்ன பேசினீர்கள் என்று பல்லக்கா கேட்பதில்லை, அவரும் சொல்வதில்லை.

ஒரு காலை நேரம், உலையைச் சூடேற்றிக்கொண்டிருந்தபோது அறை என்னவோபோல் இருந்தது. விளக்கை இன்னும் போடவில்லை. ஆனாலும் மேசையின் விளிம்பு தெரிந்தது. கல் தாடைகளின் பள்ளமும் மேடும் தெரிந்தன. பல்லக்கா சன்னலுக்கு வந்தார்.

எதிரே சிமெண்ட் நிறத்தில் இருந்த சுவர் பாதிக்கு மேல் வெள்ளையாகியிருந்தது. மூங்கில் சாரத்தில் தொங்கிய பலகையில் லாரிக்காரர் நின்றுகொண்டு, தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு, பெரிய தூரிகையால் வெள்ளையடித்துக்கொண்டிருந்தார். ஆள் வைக்காமல் தானே அடித்துக்கொண்டிருந்தார். வானத்திலிருந்து சுவரில் விழுந்தது அங்கிருந்து திரும்பி இவர் அறைக்குள் வந்துகொண்டிருந்தது. பல்லின் நிறம் பார்க்க அது உதவாது, அதில் சுண்ணாம்பின் சாயல் கலந்திருந்தது. ஆனால் மெழுகு செதுக்கலாம். ஆளின் முகம் பார்க்கலாம்.

லாரிக்காரர் திரும்பிப் பார்க்கவில்லை. பலகையை இழுத்துக்கொண்டு அடுத்த பக்கம் நகரப்போனார். பல்லக்கா சன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கூப்பிட்டார்.

"அண்ணே, அந்த மூலையில கொஞ்சம் விட்டுப்போச்சு."

அவர் அப்படியே நின்றார். அண்ணாந்து மூலையைப் பார்த்தார். தூரிகையை வாளியில் முக்கி எடுத்து, எட்டிப்போய், அந்த இடத்தை நன்றாக இரண்டு தடவை அடித்தார்.

"இப்ப சரியா இருக்கா பாரு" என்றார்.